மயமதத்தை ஐந்தாம் அத்தியாயத்திலிருந்து தொடங்குங்கள்

முதுகலையில் எங்களுக்கு மயமதம் என்ற பழைய கட்டடக் கலை நூல் ஒரு முழுத் தாள். எழுத்துத் தேர்வு, வரைதல், அப்புறம் வாய்மொழித் தேர்வு. முதல் உள்தேர்வில் எனக்கு 100-க்கு 38 தான் வந்தது. உபானம், ஜகதி, குமுதம், கண்டம், பட்டிகை என்று அதிட்டானத்தின், அதாவது கோயில் அடித்தளத்தின், உறுப்புகளை வரிசையாக ஒப்பிப்பேன். ஆனால் வரையச் சொன்னபோது எது வெளியே நீளும், எது உள்ளே வாங்கும் என்று தெரியாமல் பென்சிலோடு உட்கார்ந்திருந்தேன். அடுத்த நான்கு மாதம் படிக்கும் முறையையே மாற்றினேன். அதைத்தான் இங்கே எழுதுகிறேன்.

நூல் 36 அத்தியாயங்கள் கொண்டது. அசுரத் தச்சன் மயன் பெயரில் வழங்கும் சமஸ்கிருதச் செய்யுள் நூல். சோழர் காலத்துத் தென்னிந்தியாவில் உருவானது என்று ஆய்வாளர் பலர் கருதுகிறார்கள். புரூனோ தாகான்ஸ் பிரெஞ்சு மொழிபெயர்ப்புடன் பதிப்பித்ததைப் புதுச்சேரி பிரெஞ்சு நிறுவனம் 1970-லும் 1976-லும் இரண்டு பகுதிகளாக வெளியிட்டது. 1994-இல் வந்த சமஸ்கிருத ஆங்கில இருமொழிப் பதிப்பு நூலகத்தில் கிடைத்தால் அதையே எடுங்கள். ஒரு பக்கம் மூலம், எதிர்ப்பக்கம் பொருள் என்று இருப்பதால், கலைச்சொல்லை மூலத்திலேயே பார்த்துப் பழகலாம்.

முதல் அத்தியாயத்திலிருந்து வரிசையாகப் போனால் மனை, மண் என்று படித்து, அளவு வருவதற்குள் சோர்ந்துவிடுவோம். நேரே ஐந்தாவதற்குப் போங்கள். அது அளவைகள். அணு, தேர்த்துகள், மயிர்நுனி, ஈர், பேன், யவை (வாற்கோதுமை மணி), விரல் என்று எட்டெட்டாகப் பெருகும். ஈரும் பேனும் அளவாக நிற்பதைப் பார்த்த பிறகு எனக்கு இந்த வரிசை மறக்கவே இல்லை. 24 விரல் ஒரு முழம், அதாவது கிஷ்கு. 25 விரல் பிராஜாபத்யம், 26 தனுர்முஷ்டி, 27 தனுர்கிரகம். இங்கேதான் பலர் மதிப்பெண்ணை விடுகிறார்கள். பெயரும் எண்ணும் எழுதினால் பாதிதான். எதற்கு எந்த முழம் என்பதையும் எழுத வேண்டும். வண்டி, கட்டில், ஆசனத்துக்குக் கிஷ்கு. விமானத்துக்கு, அதாவது கருவறைமேல் எழும் கோயில் கட்டடத்துக்கு, பிராஜாபத்யம். மற்றக் கட்டடங்களுக்குத் தனுர்முஷ்டி. ஊர் அமைக்கத் தனுர்கிரகம்.

ஆறாவது அத்தியாயம் திசை காண்பது. இதைப் படிக்காதீர்கள், செய்யுங்கள். நான் எங்கள் மொட்டை மாடியில் மட்டமான இடமாகப் பார்த்து ஒரு குச்சியை நிறுத்தினேன். தூக்குநூல் கட்டி நேராக்கவே அரை மணி நேரம் ஆயிற்று. அதைச் சுற்றி நூலும் சாக்பீசும் வைத்து ஒரு வட்டம். காலையில் நிழல் நீளமாக வட்டத்துக்கு வெளியே கிடக்கும். வெயில் ஏற ஏறச் சுருங்கி, நுனி மேற்குப் பக்கத்தில் வட்டத்தைத் தொடும். அந்த இடத்தில் ஒரு புள்ளி. பிற்பகலில் மறுபடி நீண்டு கிழக்குப் பக்கத்தில் வட்டத்தைத் தொடும்போது இன்னொரு புள்ளி. இரண்டையும் சேர்த்தால் கிழக்கு மேற்குக் கோடு. அந்த இரு புள்ளிகளிலிருந்தும் வில் வரைந்தால் நடுவில் மீன் வடிவம் விழும். மீனின் தலையையும் வாலையும் சேர்த்தால் வடக்கு தெற்கு. மாலை நாலரைக்கு அந்தக் கோட்டின் மேல் நின்றபோது கிடைத்த நிறைவு எனக்கு இன்னும் நினைவிருக்கிறது. மாதத்துக்கு மாதம் நிழலில் திருத்த வேண்டிய விரல் கணக்கை நூல் ஏன் தனியாகச் சொல்கிறது என்பதும் அப்போதுதான் பிடிபட்டது. காலைக்கும் மாலைக்கும் இடையில் சூரியனும் வடக்கிலோ தெற்கிலோ கொஞ்சம் நகர்ந்துவிடுகிறது அல்லவா.

அதன் பிறகு 14 முதல் 18 வரை. அதிட்டானம், தூண், பிரஸ்தரம் (தூணுக்கு மேல் வரும் கூரைப் பகுதி), இணைப்பு, மேற்பகுதி. இவற்றைக் கோயிலில் வைத்துப் படியுங்கள். பழைய கற்கோயில் எதுவானாலும் சரி, குந்தி உட்கார்ந்து கீழிருந்து மேலாக ஒவ்வொரு உறுப்பையும் கையால் தடவிப் பாருங்கள். குமுதம் சில இடங்களில் உருண்டையாக இருக்கும், சில இடங்களில் பட்டை பிடித்திருக்கும். கண்டம் உள்ளே வாங்கியிருப்பதால் நிழல் தங்கி இருண்டு கிடக்கும். பத்துக் கோயிலில் இப்படிப் பார்த்து வரைந்தேன். மறுதேர்வில் படம் தானாக வந்தது.

ஆனால் ஒன்று. பார்த்த கோயிலை "மயமதப்படி கட்டியது" என்று விடைத்தாளில் எழுதிவிடாதீர்கள். மாமல்லபுரத்து ரதங்கள் 7-ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தவை, நூல் அதற்குப் பிந்தியது. "நூல் சொல்லும் உறுப்போடு ஒத்துப் போகிறது" என்று எழுதினால் போதும்.

இன்னொரு குழி நாகரம், திராவிடம், வேசரம் என்ற கோயில் வகைகள். நாகரம் என்றதும் வட இந்தியப் பாணி என்று நினைத்துக் கஜுராஹோ கோயில்களை எழுதிவிடுவோம். சிற்ப நூல் வழக்கில் இது முதலில் வடிவம் பற்றிய பேச்சு. சதுரம் நாகரம், எண்கோணம் திராவிடம், வட்டம் வேசரம். அப்படிப் பார்த்தால் தென்னாட்டில் சதுரச் சிகரம் கொண்ட விமானமும் நாகரம்தான். இரண்டு வழக்கையும் சொல்லிவிட்டு, கேள்வி எதைக் கேட்கிறதோ அதற்கு விடை எழுதுங்கள்.

வாய்மொழித் தேர்வுக்கு முந்தைய இரவு ஐந்தாம் அத்தியாயத்தை மட்டும் திரும்பப் பார்த்தேன். காலையில் உள்ளே போய் உட்கார்ந்ததும் முதல் கேள்வி: "நீங்கள் உட்கார்ந்திருக்கும் நாற்காலியை எந்த முழத்தால் அளப்பீர்கள்?"

"கிஷ்கு, ஐயா. 24 விரல்."

"யாருடைய விரல்?"

"யாருடையதும் இல்லை, ஐயா. எட்டு யவை சேர்ந்தது ஒரு விரல்."