உடைஞ்ச கண்ணாடியும் எறியாத கல்லும்

மலருக்கு ஏதாவது எழுதித் தாங்கோ எண்டு பழைய மாணவர் சங்கத்துப் பெடியள் மூண்டு வருசமாக் கேட்டுக்கொண்டு இருந்தவை, நானும் பாப்பம் பாப்பம் எண்டு தள்ளிப் போட்டுக்கொண்டே வந்தனான். போன மாசம் எங்கடை பௌதிக சேர் மோசம் போயிட்டார் எண்டு குரூப்பிலை செய்தி வந்தது, அதுவும் நடந்து மூண்டு நாளுக்குப் பிறகுதான் என்ரை கண்ணிலை பட்டது. சூரியன் இந்த நிமிசம் அணைஞ்சாலும் எங்களுக்கு 8 நிமிசத்துக்குப் பிறகுதான் தெரியவரும், அதுவரைக்கும் எங்களுக்கு அது எரியிற சூரியன்தான் எண்டு சொல்லித் தந்தவரே அவர்தான். அந்த மூண்டு நாளும் எனக்கு சேர் உயிரோடைதான் இருந்தவர்.

அவற்றை சனிக்கிழமை வகுப்பு ஞாபகம் இருக்கும்தானே. மேல்மாடி லேப், ஜன்னல் கரை வாங்கு, ரெண்டாவது மணி அடிச்சாலும் ஆரும் எழும்ப மாட்டம். சிலபஸ் முடிஞ்ச பிறகு ஒருநாள், ஆளுக்கொரு உலகம் உண்டாக்குங்கோ எண்டார். கற்பனை உலகம், அதின்ரை பௌதிக விதியை நீங்களே எழுதலாம், நியூட்டன் வேண்டாமெண்டால் வேண்டாம், ஒரேயொரு கட்டளைதான், உங்கடை உலகம் தனக்குத்தானே முரண்படக்கூடாது. மற்றவங்கள் ஈர்ப்பைத் தலைகீழாக்கினாங்கள், ஒளியின்ரை வேகத்தைக் குறைச்சாங்கள். நான் காரணத்தையும் விளைவையும் இடம் மாத்தினன். என்ரை உலகத்திலை முதல் கண்ணாடி உடையும், பிறகுதான் கல்லு எறிவாங்கள். ரெண்டு பக்கம் எழுதி 'பின்காரணக் கொள்கை' எண்டு பேரும் வைச்சிருந்தன்.

சேர் வாசிச்சுப் போட்டு என்னை எழும்பச் சொன்னார்.

"கண்ணாடி உடைஞ்சு போச்சு. இனித்தான் கல்லு எறிய வேணும். அந்தப் பெடியன் கல்லைக் கையிலை எடுத்துப் போட்டு, எறிய மாட்டன் எண்டு கீழை போட்டிட்டான். இப்ப அந்தக் கண்ணாடியை என்ன செய்யப் போறாய்?"

எனக்கு வாயே திறக்கேலாமல் போச்சு. சேர் சோக்கைக் கையிலை வைச்சுக்கொண்டு என்னையே பாத்துக்கொண்டு நிண்டார், முழு வகுப்பும் பாத்துக்கொண்டு இருந்தது. கொஞ்ச நேரத்தாலை போர்டிலை, ஒரு நிகழ்ச்சியிலை இருந்து ஒளி எதுவரைக்கும் போய்ச் சேரும் எண்டு காட்டுற ஒளிக்கூம்பைக் கீறிப் பாடத்தைத் தொடங்கினார். ஒண்டிலை இருந்து மற்றதுக்கு ஒளி கூடப் போய்ச் சேர ஏலாத ரெண்டு நிகழ்ச்சியெண்டால் எது முதல் எது பிறகு எண்டது பாக்கிற ஆளைப் பொறுத்து மாறும், ஒளி போய்ச் சேருமெண்டால் ஆர் பாத்தாலும் வரிசை மாறாது, இதை ஐன்ஸ்டீன்ரை 1905 சார்புக் கொள்கைக் கட்டுரையிலை இருந்து விளங்கலாம் எண்டு சொன்னார். நான் மணி அடிக்குமட்டும் நிண்டபடிதான். இரு எண்டு சொல்ல அவர் மறந்தாரோ வேணுமெண்டு விட்டாரோ, இண்டைக்கும் எனக்குத் தெரியாது.

அடுத்த கிழமை கொப்பி திரும்பி வந்தது. மார்ஜினிலை சிவப்பு மையாலை ஒரு வட்டம், அதுக்குக் கீழை, "இதுக்கு விடை இருக்கு. கண்டுபிடிச்சு வந்து சொல்லு." புள்ளி போடேல்லை. நான் கோவத்திலை அந்தப் பக்கத்தை மடிச்சு விட்டிட்டன். பிறகு சோதினை, பிறகு இங்காலை வந்தாச்சு.

கன வருசத்துக்குப் பிறகு இங்கை ஒரு லைப்ரரியிலை வேறை எதையோ தேடப் போய்த்தான் அந்த வட்டத்தைத் திரும்பக் கண்டன். 1949 இலை கேர்ட் கோடெல் எண்ட கணித அறிஞர் ஐன்ஸ்டீன்ரை ஈர்ப்புச் சமன்பாட்டுக்கே ஒரு தீர்வு குடுத்திருக்கிறார், சுழலுற பிரபஞ்சம், அதிலை முன்னுக்கே போய்க்கொண்டிருந்தாலும் புறப்பட்ட நேரத்துக்கே வந்து சேரக்கூடிய பாதையள் இருக்கு. அதுக்குப் பிறகு ஜோ போல்சின்ஸ்கி எண்ட பௌதிகவியலாளர் ஒரு பில்லியர்ட் பந்துக் கேள்வியை இன்னொரு பௌதிகவியலாளர் கிப் தோர்னுக்கு எழுதினார். பந்து ஒரு புழுத்துளைக்குள்ளை, அதாவது வெளியிலையும் நேரத்திலையும் ரெண்டு இடத்தை இணைக்கிற குறுக்குவழிக்குள்ளை போய் மற்ற வாயாலை கொஞ்சம் முந்தின நேரத்திலை வெளியிலை வந்து, உள்ளை போகப்போற தன்னையே இடிச்சுத் தள்ளிவிடுது. அப்ப அது உள்ளையே போகாது, போகாட்டி இடிச்சது எது? வாசிச்ச உடனை எனக்குக் கை குளிர்ந்து போச்சு, அது சேரின்ரை கேள்வியேதான்.

1991 இலை தோர்னும் அவரோடை வேலை செய்த ரெண்டு பேரும் கணக்குப் பாத்திருக்கினம். வெளியிலை வாற பந்து நேரா இடிக்காது, கொஞ்சம் உரசிக்கொண்டு போகும். உரசுப்பட்டது கொஞ்சம் விலகி, எண்டாலும் துளைக்குள்ளை போகும். அப்பிடி விலகிப் போனதாலைதான் வெளியிலை வரேக்கை உரச மட்டும் செய்யுது. முரண் இல்லை. அந்தாதிப் பாட்டிலை கடைசிச் சொல்லு முதல் சொல்லிலை போய் மண்டலிக்கிற மாதிரி, எது தொடக்கம் எண்டு கேக்கேலாது, முழுசும் பொருந்துதோ எண்டுதான் பாக்கலாம். என்ரை பிழை அதுதான், நான் வரிசையைத் திருப்பினன், ஆனா அதுவும் ஒரு நேர்கோடுதானே. வளைக்கத் தெரியேல்லை எனக்கு.

அண்டைக்கு நான் சொல்லியிருக்க வேண்டியது இதுதான். பெடியன் மூலை வெடிச்ச கண்ணாடியைக் கண்டு பயந்து, எறியேல்லை எண்டு கல்லைக் கீழை விடப் போறான், கை நடுங்குது, கல்லு வழுகிக் கண்ணாடியின்ரை மூலையிலை படுது. முழுசா உடையாது, ஒரு மூலை வெடிக்கும். அவன் முதல் கண்டதும் அந்த வெடிப்பைத்தான்.

இதிலை இன்னொண்டு இருக்கு. அப்பிடியான பந்துக்கு ஒரேயொரு பாதை மட்டுமில்லை, கன இடத்திலை முடிவில்லாத பாதையள் பொருந்தி வருது, அதிலை எது நடக்கும் எண்டு அந்தச் சமன்பாடு சொல்லாது. இதைச் சேரிட்டைக் கேக்க வேணுமெண்டு எவ்வளவு ஆசை எனக்கு. அதோடை, தோர்ன் ஆக்கள் கணக்குப் போட்டது நாங்கள் பள்ளிக்கூடம் விட்டுக் கனகாலத்துக்குப் பிறகு. அப்ப விடை இருக்கு எண்டு அவர் எதை வைச்சு எழுதினவர்? தெரிஞ்சா, இல்லை நான் தேடுவன் எண்ட நம்பிக்கையிலையா?

லீவிலை போன நேரமெல்லாம் அடுத்தமுறை போய்ச் சொல்லுவம் எண்டே திரும்பி வந்திட்டன். ரெண்டு முறை அவற்றை நம்பரையும் வாங்கி வைச்சிருந்தனான். வகுப்பிலை நிண்ட அந்த ஒரு மணித்தியாலம் என்னை இவ்வளவு வருசம் பிடிச்சு வைச்சிருந்தது எண்டு இப்பதான் விளங்குது, அதுக்குள்ளை நன்றி சொல்லுறதுக்கும் இடமில்லாமல் போச்சு.

செய்தி வந்த ராத்திரி நித்திரை வரேல்லை. எழும்பி ஒரு கோடு போட்ட தாளை எடுத்து, மேலை பேர், வகுப்பு, பாடம் எல்லாம் அந்தக் காலத்து மாதிரியே எழுதி, கண்ணாடியையும் கல்லையும் கீறி விடையை முழுசா எழுதினன். இடது பக்கத்திலை சிவப்பு மைக்கு மார்ஜின் விட்டிருக்கிறன்.