மேடைக் குரலை மைக்குக்குப் பழக்கிய கதை

பத்து வருடம் மேடையில் மட்டுமே நடித்தவள் நான். சபாவோ, கோயில் திருவிழாவோ, கடைசி வரிசைப் பாட்டிக்குக் கேட்டாக வேண்டும். டப்பிங் போகலாம் என்று முடிவெடுத்தபோது, குரல்தான் இருக்கிறதே, அப்புறம் என்ன என்றுதான் நினைத்தேன்.

முதல் குரல் தேர்வில் இரண்டு வரி பேசியதும் சவுண்ட் இன்ஜினியர் நிறுத்திவிட்டார். "மேடம், மைக் உங்க வாய்கிட்டதான் இருக்கு. அதோட காதுல சொல்லுங்க, போதும்." அன்று தேறவில்லை. வீடு வரும்வரை பஸ்ஸில் அழுதுகொண்டே வந்தேன்.

எங்கள் குழுவில் முன்பு நடித்த ஒரு அக்கா பல வருடமாக டப்பிங் பேசுகிறார். அவரிடம் போனேன். நடிகை ரோகிணியின் குரலைக் கண்ணை மூடிக்கொண்டு கேள் என்றார். 'மகளிர் மட்டும்' படத்தில் பாப்பம்மாவாக அவரே நடித்துப் பேசும் மெட்ராஸ் தமிழ். அடுத்த ஆண்டே, 1995-இல் வந்த 'பம்பாய்' படத்தில் மனிஷா கொய்ராலாவுக்கு அவர் தந்த குரல். இரண்டும் ஒரே தொண்டையா என்று திகைத்துப்போனேன். மனிஷாவின் மூச்சு எங்கே வாங்குகிறதோ அங்கேதான் ரோகிணியும் மூச்சு வாங்குகிறார். அது எனக்குப் பிடிபடவே ஒரு வாரம் ஆனது.

அப்புறம் உதடு. இதை அக்கா சொல்லித்தந்த விதம் மறக்காது. தெலுங்குப் பெண் திரையில் 'வத்து' என்கிறாள். எழுதிக்கொடுத்த தமிழில் 'வேண்டாம்'. நான் 'ம்' என்று வாயை மூடுகிறேன், அவள் வாயோ திறந்தே இருக்கிறது. 'கூடாது' என்று மாற்றிப் பேசச் சொன்னார். ஒட்டிக்கொண்டது! அன்றிலிருந்து வசனத் தாளில் ப, ம வரும் இடத்தையெல்லாம் பென்சிலால் வட்டமிடுவேன். 'ப' சொல்லும்போது காற்று மைக்கில் 'பொத்'தென்று அடிக்காமல் முகத்தைக் கொஞ்சம் பக்கவாட்டில் திருப்பவும் பழகினேன்.

நான்கு மாதம் கழித்து மறுபடி தேர்வு. இந்த முறை தேறினேன். சங்க உறுப்பினர் அட்டைக்கான பணத்தை இரண்டு தவணையாகப் புரட்டினேன்.

முதலில் கிடைத்ததெல்லாம் கூட்டக் குரல்தான். சந்தை, கல்யாண வீடு, ஆஸ்பத்திரி வராந்தா. ஆறு பேர் சேர்ந்து அறுபது பேராகக் கேட்க வேண்டும். மைக்கை விட்டுத் தள்ளி நின்று, சுவரைப் பார்த்துத் திரும்பிப் பேசுவோம். இதைச் சின்ன வேலை என்று யாராவது சொன்னால் எனக்குக் கோபம் வரும். பக்கத்தில் இருப்பவர் குரலுக்கு இடம்விட்டுப் பேச அங்கேதான் கற்றேன்.

பெயருள்ள முதல் பாத்திரம் ஒரு அம்மா. மகன் இறந்த செய்தி வருகிறது. அந்த இடத்தில் வசனமே இல்லை. மேடையாக இருந்தால் மார்பில் அடித்துக்கொண்டு அழுதிருப்பேன். திரையில் அந்தம்மா சேலை முந்தானையைப் பிடித்துக்கொண்டு சும்மா நிற்கிறார். மூன்று டேக் வீணானது. நான்காவதில் அழவில்லை, உள்ளே இழுத்த மூச்சைப் பாதியில் விட்டேன். ஹெட்போனில் இன்ஜினியர் ஒன்றும் சொல்லவில்லை. கொஞ்ச நேரம் கழித்து, "சரிம்மா, அடுத்தது போலாம்" என்றார்.

அன்று சாயங்காலம் நாடக ஒத்திகை. நான் முதல் வரி பேசியதும் அரங்கின் கடைசியில் நின்ற இயக்குநர் கையைத் தூக்கினார். "கேக்கலம்மா." பாதங்களை அகட்டி ஊன்றிக்கொண்டு, வயிற்றிலிருந்து மறுபடி எடுத்தேன்.