கேமராவும் கத்தரியும் ஒரே கையில்

அமெரிக்கத் திரைப்பட இயக்குநர் ராபர்ட் ரோட்ரிகஸ் பேச்சு வந்தாலே எல்லோரும் அந்த ஏழாயிரம் டாலரில்தான் ஆரம்பிப்பார்கள். 1992-ல் வந்த அவருடைய முதல் படம் 'எல் மரியாச்சி'க்கு ஏறக்குறைய அவ்வளவுதான் செலவு. அதில் ஒரு பகுதி, புது மருந்தைத் தன் உடம்பில் சோதித்துப் பார்க்கச் சம்மதித்து ஒரு மாதம் ஆய்வுக்கூடத்தில் அடைந்து கிடந்து சம்பாதித்தது. திரைக்கதையை அங்கேயே உட்கார்ந்து எழுதினார், வில்லனாக நடித்தவரும் அதே சோதனைக்கு வந்தவர்தான்.

சரி, இதெல்லாம் பலருக்கும் தெரிந்த கதை. எனக்கு அதைவிடப் பெரிதாகப் படுவது அவர் எடிட்டிங்கில் செய்த காரியம்.

அவர் கையில் இருந்தது 16 எம்.எம். ஃபிலிம் கேமரா, ஓடும்போது கடகடவென்று சத்தம் போடும், அதனால் நடிக்கும்போதே குரலைப் பதிவு செய்ய வழியில்லை. ஷாட் முடிந்ததும் கேமராவை நிறுத்திவிட்டு, மைக்கைக் கிட்டே வைத்து அதே வசனத்தை இன்னொரு முறை பேசச் சொல்லிப் பதிவு செய்துகொண்டார். அப்புறம் இரண்டையும் சேர்த்தால் நாலு வார்த்தை வரை வாயும் குரலும் ஒட்டும், அதற்கு மேல் விலகிவிடும். விலகுகிற இடத்தில் சட்டென்று வேறு ஒரு முகத்துக்கோ, ஓரமாகப் படுத்திருக்கும் நாய்க்கோ கட் பண்ணிவிடுவார். படத்தின் அந்த வேகம் பாதி இப்படி வந்ததுதான்! எழுதி, இயக்கி, கேமரா பிடித்தவரே வெட்டவும் உட்காரப்போகிறார் என்பதால்தான் நாயையும் ஒரு ஷாட் எடுத்து வைக்கத் தோன்றியிருக்கிறது. சக்கர நாற்காலியில் உட்கார்ந்து, தள்ளச் சொல்லி, கேமரா நகர்ந்தபடியே எடுக்கும் டிராலி ஷாட் எடுத்ததும் இதே படத்தில்தான்.

பெரிய ஸ்டுடியோ பணம் வந்த பிறகும் அவர் வேலையைப் பிரித்துக் கொடுத்துவிடவில்லை. 2003-ல் வந்த 'ஒன்ஸ் அப்பான் எ டைம் இன் மெக்சிகோ' படத்தின் டைட்டிலில் 'படம்பிடித்தது, வெட்டியது, இசையமைத்தது' என்று தன் ஒரே பெயரைப் போட்டுக்கொண்டார். அவருடைய எல்லாப் படமும் பிடிக்கும் என்று சொல்ல மாட்டேன், சிலவற்றில் குறுக்கே நின்று 'இது வேண்டாம்' என்று சொல்ல ஓர் ஆள் இருந்திருக்கலாம் என்று தோன்றும். ஆனாலும் அந்த முதல் படத்தை எத்தனை முறை போட்டுப் பார்த்தாலும் எனக்குக் கற்றுக்கொள்ள ஏதாவது இருக்கிறது.

என்னுடைய போன குறும்படத்தில், இரண்டு பேர் பேசும் காட்சியில் ஒரு வசனத்தை எடுத்துவிட வேண்டியிருந்தது. வெட்டிய இடத்தை மறைக்க ஒரு ஷாட்கூட இல்லாமல் மூன்று ராத்திரி உட்கார்ந்திருந்தேன். இப்போதெல்லாம் டேக் ஓகே ஆனதும் நடிகர்களை அப்படியே உட்காரச் சொல்லிவிட்டு, அவர்கள் கைகளை, மேஜை மேலிருக்கும் டம்ளரை, ஜன்னலை ஒவ்வொன்றாக எடுத்துக்கொண்டுதான் கேமராவை இறக்குகிறேன்.