காஸ்டில்–லியோனில் மன்னர், திருச்சபை, மக்கள்: தேர்வுக்குப் படிக்கும் முறை பற்றிச் சில குறிப்புகள்

இடைக்கால ஐரோப்பிய வரலாற்றுத் தாளில் ஸ்பானியப் பகுதியைத் தேர்ந்தெடுப்பவர்கள் பெரும்பாலும் அரசதிகாரம், திருச்சபை, சமூகம் என்று மூன்று தலைப்புகளில் தனித்தனியே குறிப்பெடுக்கத் தொடங்குகிறார்கள். பாடத்திட்டமே அவ்வாறு பிரிக்கப்பட்டிருப்பதால் இது இயல்புதான். ஆயினும் முதுகலையில் இத்தாளை எழுதியபோதும், பின்னர் இளைய மாணவர்கள் சிலரின் பயிற்சி விடைகளைப் படித்துக் கருத்துச் சொன்னபோதும், வினாக்கள் இம்மூன்றும் ஒன்றோடொன்று உரசும் இடங்களிலிருந்தே எழுகின்றன என்பதைக் கண்டேன். ஆகவே மூன்றும் சேர்ந்து வெளிப்படும் சில நிகழ்ச்சிகளைத் தேர்ந்து ஆழமாகப் படித்துவிட்டு, பிற செய்திகளை அவற்றைச் சுற்றி அடுக்கிக்கொள்வதே நான் பரிந்துரைக்கும் முறை.

அதற்கு முன் இரண்டு அடிப்படைகள் உறுதியாக வேண்டும். முதலாவது வரைபடம். துவேரோ, டேகஸ், குவாடல்கிவிர் ஆகிய மூன்று ஆறுகளையும் நினைவிலிருந்து வரையத் தெரிந்தால், கிறித்தவ அரசுகளின் எல்லை முஸ்லிம் ஆட்சிப் பகுதிக்குள் தெற்கே நகர்ந்த கதையில் பாதி புரிந்துவிடும். இரண்டாவது மன்னர்களின் வரிசை. ஸ்பெயினின் கிறித்தவ அரசுகளான காஸ்டிலும் லியோனும் 1157இல் பிரிந்து 1230இல் மூன்றாம் பெர்னாண்டோவின் கீழ் மீண்டும் இணைந்தன. எட்டாம் அல்போன்சோ காஸ்டிலை ஆண்ட காலத்தில் ஒன்பதாம் அல்போன்சோ லியோனை ஆண்டார் என்பதை மறந்து, ஒருவருக்குப் பின் மற்றவர் வந்ததாக எழுதும் விடைகள் ஏராளம். இந்த எண் வரிசை நம்மைக் குழப்புவதற்காகவே அமைந்ததோ என்று தோன்றும்.

பதினோராம் நூற்றாண்டின் பிற்பகுதிக்குப் பணத்தைப் பின்தொடர்வது நல்ல வழி. தெற்கிலிருந்த சிறு முஸ்லிம் அரசுகள் தங்களைத் தாக்காமலிருக்கப் 'பாரியா' எனப்பட்ட திறைப்பொன்னை வடக்கத்திய மன்னர்களுக்குச் செலுத்தின. அந்தப் பொன்னிலிருந்து ஆண்டுக்கு 1,000 பொற்காசுகளைப் பிரான்சிலுள்ள க்ளூனி மடத்துக்கு முதலாம் பெர்னாண்டோ அளிக்க, அவர் மகன் ஆறாம் அல்போன்சோ 1077இல் அதை இருமடங்காக்கினார். போப் ஏழாம் கிரகோரியின் அழுத்தம் ஒருபுறம், க்ளூனியுடனான உறவு மறுபுறம் என்றிருந்த சூழலில், 1080இல் பூர்கோஸில் கூடிய திருச்சபைச் சங்கம் பழைய ஹிஸ்பானிய வழிபாட்டு முறையைக் கைவிட்டு ரோமானிய முறையை ஏற்றது. 1085இல் முஸ்லிம் நகரான டொலேடோ அல்போன்சோவிடம் வீழ்ந்ததும், சஹாகூன் மடத்தின் தலைவராயிருந்த பெர்னார்து என்னும் க்ளூனித் துறவி அங்கே பேராயரானார். 1088இல் போப் இரண்டாம் அர்பன் டொலேடோவுக்கு ஸ்பெயினின் முதன்மைப் பீடம் என்ற தகுதியை வழங்கினார். முஸ்லிம் நகரங்களின் பொன், பிரெஞ்சுத் துறவிகளின் செல்வாக்கு, ரோமின் கோரிக்கை, மன்னரின் எல்லைப்போர் ஆகியவை ஒரே சங்கிலியின் கண்ணிகளாக இங்கே தெரிகின்றன. இதை ஒரே பத்தியில் காரண காரியத்தோடு எழுதிப் பழகியவருக்கு, 'திருச்சபைச் சீர்திருத்தம் ஸ்பெயினுக்குள் எவ்வாறு நுழைந்தது' என்ற வினாவும் 'எல்லை விரிவாக்கத்தின் விளைவுகள்' என்ற வினாவும் சம அளவில் எளிதாகிவிடும்.

நான் மிகுதியாக நேரம் செலவிட்டது 1117இல் சந்தியாகோ தே கொம்போஸ்தேலாவில் நிகழ்ந்த கிளர்ச்சியில்தான். அரசி உர்ராகாவின் ஆட்சிக்காலம் அது. புனித யாக்கோபின் கல்லறையை நாடி வந்த யாத்திரிகர்களால் செழித்த அந்நகரை ஆண்டவர் மன்னர் அல்லர், ஆயர் தியேகோ ஹெல்மீரெஸ்தான். வணிகரும் கைவினைஞரும் தங்களுக்குள் ஒரு கூட்டமைப்பை உருவாக்கி ஆயரின் அதிகாரத்தை எதிர்த்தனர். ஆயரும் அரசியும் பேராலயக் கோபுரத்தில் அடைக்கலம் புகுந்தபோது கூட்டத்தினர் அதற்குத் தீ வைத்தனர். உயிருக்கு உறுதி பெற்று வெளியே வந்த அரசியின் உடையைக் கிழித்துச் சேற்றில் தள்ளினர். ஆயர் அடையாளம் தெரியாதபடி தப்பினார். பின்னர் அரசி படையுடன் திரும்பி நகரைப் பணியவைத்தார்.

இந்நிகழ்ச்சியை வெறும் பரபரப்புக் கதையாக எழுதினால் மதிப்பெண் கிடைக்காது. நகர மக்கள் கேட்டது தங்கள் நகரை நிர்வகிப்பதில் பங்கு. அரசியோ ஆயருடன் முன்பு மோதியவர். தேவை வந்தபோது அவருடன் சேர்ந்து நின்றார். ஏறக்குறைய அதே ஆண்டுகளில் சஹாகூனிலும் நகரத்தார் மடத்தலைவருக்கு எதிராக எழுந்தனர் என்பதை இணைத்துக் காட்டினால், யாத்திரைப் பாதையில் வளர்ந்த நகரங்களுக்கும் அவற்றை ஆண்ட திருச்சபைப் பிரபுக்களுக்கும் இடையிலான பொதுப் பூசலாக இது விரியும். இதற்கான முதன்மைச் சான்றான 'ஹிஸ்டோரியா கொம்போஸ்தெல்லானா' ஹெல்மீரெஸே எழுதச் செய்த நூல் என்பதால், கிளர்ச்சியாளரின் குரல் அவர்களுடைய எதிரியின் வாய்வழியாகவே நம்மை எட்டுகிறது. இந்தச் சான்று விமரிசனத்தை விடையின் கடைசி வரியில் ஒட்டவைப்பதைவிட, நிகழ்ச்சியை விவரிக்கும்போதே கலந்து எழுதுவது நல்லது.

ஆவணப் பகுதிக்கு 1188ஆம் ஆண்டு லியோன் பேரவையின் ஆணைகளைத் தயார் செய்யுங்கள். தந்தை இறந்த சில மாதங்களில், உரிமைப் போட்டிக்கும் வெறுங்கருவூலத்துக்கும் நடுவே அரியணை ஏறிய இளம் ஒன்பதாம் அல்போன்சோ, ஆயர்களையும் பிரபுக்களையும் ஒவ்வொரு நகரிலிருந்தும் தேர்ந்தெடுக்கப்பட்ட குடிமக்களையும் கூட்டினார். அவர்களின் ஆலோசனையின்றிப் போரோ சமாதானமோ செய்வதில்லை என்று வாக்களித்தார். இதை நாடாளுமன்ற மக்களாட்சியின் பிறப்பு என்று கொண்டாடும் வழக்கம் உண்டு. 2013இல் யுனெஸ்கோவின் உலக நினைவகப் பதிவேட்டிலும் இது இடம்பெற்றது. என் கருத்தில், 1202இல் பெனவெந்தேயில் நடந்ததையும் சேர்த்துப் படித்தால்தான் இதன் உண்மையான அளவு தெரியும். அங்கே அதே மன்னர், ஏழாண்டுகளுக்கு நாணயத்தின் மதிப்பைக் குறைப்பதில்லை என்ற உறுதிக்கு ஈடாக மக்களிடம் வரி பெற்றார். பேரவை வளர்ந்ததற்குத் தத்துவத்தைவிடப் பணத்தேவையே பெரிய காரணம்.

பதின்மூன்றாம் நூற்றாண்டில் தசமபாகத்தை, அதாவது விளைச்சலில் பத்திலொரு பங்காகத் திருச்சபைக்குச் செலுத்தப்பட்டதைக் கவனியுங்கள். முஸ்லிம் நகரான செவிலின் முற்றுகைக்காக 1247இல் போப் நான்காம் இன்னொசென்ட் மூன்றாம் பெர்னாண்டோவுக்குத் தசமபாகத்தில் ஒரு பகுதியைத் தற்காலிகமாக அனுமதித்தார். செவில் 1248இல் வீழ்ந்த பின்னும் மன்னர்கள் அதை விட்டுவிடவில்லை. தசமபாகத்தில் ஒன்பதில் இரண்டு பங்கு அரச வருவாயாகவே நிலைத்தது. பத்தாம் அல்போன்சோவின் 'சியேத்தே பார்த்திதாஸ்' சட்டத்தொகுப்பு இதற்கு இணையான ஒரு வாதத்தை வைக்கிறது: ஆயர் இறந்தால் புதியவரைத் தேர்ந்தெடுக்குமுன் மன்னரின் அனுமதி கேட்க வேண்டும், ஏனெனில் மூர்களிடமிருந்து (ஸ்பானிய முஸ்லிம்களிடமிருந்து) நிலத்தை மீட்டவரும், ஆலயங்களை நிறுவியவரும், அவற்றுக்கு மானியம் அளித்தவரும் மன்னர்களே. போர்தான் இங்கே திருச்சபை மீதான உரிமையின் ஆதாரம். 1279இல் பத்தாம் அல்போன்சோவுக்குப் போப் மூன்றாம் நிக்கோலஸ் அனுப்பிய முறையீட்டுப் பட்டியலில் தசமபாகப் பறிப்பும் ஆயர் தேர்தலில் தலையீடும் இடம்பெற்றன. 1282இல் அவர் மகன் சாஞ்சோ வய்யதோலித்தில் பேரவை கூட்டி மன்னரின் அதிகாரத்தைப் பறித்தபோது, பிரபுக்களோடும் நகரச் சகோதரத்துவங்கள் எனப்பட்ட நகரக் கூட்டணிகளோடும் ஆயர்கள் பலரும் சேர்ந்து நின்றதை இப்பின்னணியில் விளக்கலாம்.

சிறந்த விடைகளைப் பிரித்துக்காட்டுவது ஓர் ஒப்பீடு. பிரெஞ்சு மன்னர்கள் ரெய்ம்ஸில் திருத்தைலம் பூசப்பெற்று முடிசூடினர். காஸ்டில் மன்னர்களிடம் அத்தகைய நிலையான சடங்கு இல்லை; பதினோராம் அல்போன்சோ 1332இல் பூர்கோஸில் தம் கையாலேயே முடியைச் சூடிக்கொண்டார். பார்த்திதாஸோ மன்னரைத் தம் நாட்டில் கடவுளின் பிரதிநிதி என்கிறது. இரண்டையும் எதிரெதிரே வைத்து, உங்கள் முடிவை எழுதுங்கள். சடங்கு தராத புனிதத்தை வெற்றி தந்தது என்பது என் முடிவு. 1195இல் அலார்கோஸில் முஸ்லிம் படையிடம் தோற்ற எட்டாம் அல்போன்சோவின் பெயர் 1212இன் லாஸ் நாவாஸ் தே தோலோசா வெற்றிக்குப் பின் எவ்வாறு உயர்ந்தது என்பதை அதற்குச் சான்றாக எழுதலாம்.

யூதர், முஸ்லிம்கள் பற்றிய வினாவில் சட்டத்தையே நடைமுறையாக எடுத்துக்கொள்ள வேண்டாம். பார்த்திதாஸ் யூதரின் தொழுகைக்கூடத்தைக் காக்கச் சொல்கிறது, ஓய்வுநாளில் யூதரை நீதிமன்றத்துக்கு இழுக்கக் கூடாதென்கிறது, அடையாளச் சின்னம் அணியவும் கட்டளையிடுகிறது. ஆனால் அத்தொகுப்பு 1348இல் அல்கலா பேரவையில்தான், அதுவும் பிற சட்டங்களுக்கு அடுத்த நிலையில், முறையான சட்ட வலிமை பெற்றது. எனவே 1260களின் நடைமுறைக்கு அதைச் சான்று காட்டாமல், 1264இல் ஆண்டலூசியாவிலும் முர்சியாவிலும் எழுந்த முஸ்லிம் குடிகளின் கிளர்ச்சியையும் அதையடுத்த வெளியேற்றங்களையும் எழுதுங்கள்.