ஆறு கொப்பிகளில் சோசர்

என்னிடம் இருப்பது நான்காவது கொப்பி. ஆங்கிலக் கவிஞர் சோசரின் 'கன்டர்பரிக் கதைகள்' நூலுக்கு முன்னால் வரும் பாயிரத்தின் 430ஆம் அடியில் தொடங்கி 572ஆம் அடியில் முடிகிறது. மட்டை எப்போதோ கழன்றுவிட்டது, தைத்த நூல் மட்டும் விடாமல் பிடித்துக்கொண்டு நிற்கிறது. ஒரு கோடு விட்டு ஒரு கோட்டில் நீல மையில் ஆங்கிலம், இடையில் பென்சிலில் தமிழ். பென்சில் எழுத்துத்தான் இப்போது மங்கி வருகிறது.

1982இல் நம் கல்லூரியில் உயர்தரத்துக்கு ஆங்கில இலக்கியம் எடுத்தவர்கள் ஆறு பேர். ரீச்சர் சோசரைத் தொடங்கியபோது அவர் கையில் இருந்தது ஒரே ஒரு புத்தகம். அதற்கு முந்திய காலமென்றால் இன்னொரு பிரதி தேடி யாழ்ப்பாணப் பொது நூலகத்துக்குப் போயிருப்போம். அது 1981இல் ஏறத்தாழ 97,000 நூல்களோடு எரிந்துபோயிருந்தது. ஆகவே ரீச்சர் அடிகளைப் பங்கு பிரித்தார். பாயிரத்தில் மொத்தம் 858 அடி. ஆறால் வகுத்தால் ஆளுக்கு 143, மிச்சமில்லை. மிச்சமில்லாமல் வகுபட்டதில் அவருக்கு இருந்த சந்தோசம் எனக்கு நன்றாக நினைவிருக்கிறது. புத்தகம் ஒவ்வொருவர் வீட்டிலும் மூன்று இரவு தங்கும். எழுதி முடித்த பிறகு கொப்பிகளை மாற்றி மாற்றிப் படிப்போம்.

பங்கு பிரித்ததில் ஒரு அநியாயம் நடந்தது. ஒக்ஸ்போர்ட் மாணவரைப் பற்றிய பகுதி 285ஆம் அடியில் தொடங்குகிறது. இரண்டாவது கொப்பி 286இல் முடிந்துவிடும். அதனால் அவருடைய முதல் இரண்டு அடிகள் ஒரு கொப்பியிலும், மெலிந்த குதிரையும் கட்டில் தலைமாட்டில் அவர் அடுக்கி வைக்க ஆசைப்பட்ட இருபது புத்தகங்களும் அடுத்த கொப்பியிலும் போய்விட்டன.

பாயிரம் என்ற சொல்லை ரீச்சர்தான் தந்தார். நன்னூலில் வரும் அதே பொதுப்பாயிரம். நூலுக்குள் போகுமுன் வாசலில் நிறுத்தி ஆட்களை அறிமுகம் செய்வது. சோசர் அறிமுகம் செய்கிறவர்கள் யாத்திரிகர்கள். லண்டன் பாலத்தின் தென்கரையில், சதர்க் என்ற இடத்தில், தபார்ட் என்றொரு சத்திரம். அங்கே ஒரு இரவு இருபத்தொன்பது பேர் வந்து சேருகிறார்கள். எல்லோரும் கன்டர்பரிக்குப் போகிறவர்கள். 1170இல் அங்கே பேராலயத்துக்கு உள்ளேயே வைத்து வெட்டிக் கொல்லப்பட்ட தோமஸ் பெக்கெற் என்ற பேராயரின் சமாதிக்கு நேர்த்தி. சத்திரக்காரன் ஒரு போட்டி வைக்கிறான்: போகும்போது ஆளுக்கு இரண்டு கதை, வரும்போது இரண்டு கதை, நல்ல கதை சொன்னவருக்கு மற்ற எல்லோரும் சேர்ந்து ஒரு சாப்பாடு. சோசர் இதை 1387 அளவில் தொடங்கினார் என்பார்கள். 1400இல் அவர் இறந்தபோது இருந்தவை 24 கதைகள்தான், அவற்றிலும் சில அரைகுறை. யாத்திரிகர்கள் இன்றுவரை கன்டர்பரிக்குள் நுழையவே இல்லை.

சரி, பாடத்துக்கு வருகிறேன். முதல் நாள் நாங்கள் அந்த ஆங்கிலத்தைப் பார்த்துப் பயந்துபோனோம். நாங்கள் ஐந்தாம் வகுப்பிலிருந்து பாடுபட்டுப் படித்த எழுத்துக்கூட்டல் ஒன்றும் அதில் இல்லை. ஒருத்தி எழுந்து வாசித்தாள். இரண்டு அடிக்குள் ரீச்சர் கையைக் காட்டி நிறுத்தினார்.

"பிள்ளையள், விழுங்காதேங்கோ. எழுதியிருக்கிறது எல்லாத்தையும் வாசியுங்கோ. இவர் தமிழ் மாதிரித்தான். எழுத்து இருந்தால் ஒலி இருக்கு."

பிறகு கரும்பலகையில் போர்வீரனைக் குறிக்கும் 'நைட்' என்ற சொல்லை எழுதினார். முன்னால் ஒரு 'கே', நடுவில் ஒரு 'ஜி', ஒரு 'எச்'. இன்றைய ஆங்கிலம் மூன்றையும் எழுதிவிட்டு மூன்றையும் விழுங்கிவிடுகிறது. "அஃது எண்டு சொல்லுங்கோ பாப்பம்" என்றார். சொன்னோம். "தொண்டையில ஒரு காத்து வந்ததே, அதுதான் இந்த ரெண்டு எழுத்தும். இப்ப முன்னால 'க்னி', பின்னால 'ட்' போடுங்கோ."

க்னிஃட்.

ஆறு பேரும் சேர்ந்து சொன்னோம். பள்ளிக்கூடத்தில் ஔவையாரைப் படித்த காலத்திலிருந்து உயிரும் மெய்யும் அல்லாமல் ஒரு மூலையில் தனியே கிடந்த ஆய்த எழுத்து, அன்று அறுநூறு வருசத்துக்கு முந்திய ஆங்கிலத்தைத் திறக்கும் சாவியாக வந்து நின்றது. இதைவிடச் சுலபமாக அந்த ஒலியைச் சொல்லித்தந்த யாரையும் நான் பிறகு இங்கிலாந்திலும் காணவில்லை. சோசருக்குப் பிறகு வந்த தலைமுறைகளில் ஆங்கிலத்தின் நெடில்கள் ஒவ்வொன்றாக இடம் மாறின, எழுத்துக்கூட்டல் பெரும்பாலும் பழைய இடத்திலேயே நின்றுவிட்டது. இன்றைய ஆங்கிலப் பிள்ளை சோசரைப் படிக்கும்போது தன் வாய்ப்பழக்கத்தை மறக்க வேண்டியிருக்கிறது. எங்களுக்கு மறக்க அவ்வளவு இல்லை.

"ஹ்வான் தட் ஆப்ரில் வித் ஹிஸ் ஷூரெஸ் ஸோட்டெ" என்று தொடங்கும். அடிக்கு ஐந்து அழுத்தம், இரண்டிரண்டு அடியாக முடிவில் ஓசை ஒன்றும். நமக்கு எதுகை அடியின் தலையில், அவர்களுக்கு வாலில் என்று கொப்பியின் ஓரத்தில் எழுதியிருக்கிறேன். சொல்லின் கடைசியில் வரும் அந்தச் சின்ன 'எ'யை விழுங்கினால் அடி நொண்டும். ரீச்சர் மேசையில் விரலால் தட்டிக்கொண்டே இருப்பார். நொண்டினால் விரல் நின்றுவிடும், நாங்கள் திரும்ப வாசிப்போம். நவீன ஆங்கிலத்தில் பெயர்த்த பிரதிகள் இப்போது எத்தனையோ கிடைக்கின்றன. அவற்றில் கதை கிடைக்கும், ஆனால் அந்த விரலுக்கு வேலை இருக்காது. மூலத்தை வாய்விட்டுப் படிக்காதவர் சோசரைப் பாதிதான் கேட்டிருக்கிறார் என்று இன்றைக்கும் நான் நம்புகிறேன்.

என் பங்கில் கிராமத்துப் பாதிரியார் வருவார். மழை இடி பாராமல் கையில் தடியோடு நடந்து போய்க் கடைசி வீடு வரைக்கும் பார்க்கிறவர். முதலில் செய்துகாட்டி, பிறகு கற்பித்தவர். 500ஆம் அடியில், பொன்னே துருப்பிடித்தால் இரும்பு என்ன செய்யும் என்று ஒரு வரி. மூன்றாம் இரவு, நித்திரைத் தூக்கத்தில், துருப்பிடித்தலைக் குறிக்கும் 'ரஸ்ட்' என்ற ஆங்கிலச் சொல்லுக்கு முன்னால் ஒரு எழுத்தைக் கூட்டி 'ட்ரஸ்ட்' என்று எழுதிவிட்டேன். அது 'நம்புதல்' ஆகிவிட்டது. பொன் நம்பினால் இரும்பு என்ன செய்யும்! ரீச்சர் அதைக் கண்டதும் ஏசவில்லை. தன் ஞாபகத்திலிருந்து ஏழு அடி சொன்னார். சோசர் தன்னுடைய படியெடுப்பவன் ஆதாமுக்கு எழுதிய சின்னப் பாட்டு அது. இனியும் நான் எழுதியதை எழுதியபடி எழுதாவிட்டால் உன் நீண்ட தலைமயிருக்குக் கீழே சிரங்கு பிடிக்கட்டும், உன் அவசரத்தால் நாளுக்கு எத்தனை தடவை நான் தேய்த்தும் சுரண்டியும் திருத்த வேண்டியிருக்கிறது என்று கவிஞர் சாபம் போடுகிறார். தேய்ப்பதும் சுரண்டுவதும் தோல் ஏட்டில்.

அன்றைக்குத்தான் நாங்கள் செய்துகொண்டிருந்த வேலை என்னவென்று எனக்குப் புரிந்தது. சோசரின் கையால் எழுதிய கன்டர்பரிக் கதைகள் ஒரு தாள்கூட மிஞ்சவில்லை. இருப்பவையெல்லாம் ஆதாமைப் போன்றவர்கள் பார்த்து எழுதியவை. முழுதாகவும் துண்டாகவும் எண்பதுக்கு மேல். சிறுப்பிட்டி சி. வை. தாமோதரம்பிள்ளை செல்லரித்த ஏடுகளைத் தேடித் தேடி ஒப்பிட்டுக் கலித்தொகையை அச்சேற்றிய கதையையும் ரீச்சர் அந்தப் பாடத்திலேயே சொன்னார். இரண்டுக்கும் இடையில் பெரிய தூரம் இருப்பதாக எங்களுக்குத் தோன்றவில்லை. நான் ரேசர் பிளேட்டால் அந்த எழுத்தைச் சுரண்டினேன். கொப்பியில் அந்த இடம் இன்றைக்கும் மெல்லிசாக இருக்கிறது, வெளிச்சத்தில் பிடித்தால் தெரியும்.

என் பங்கில் பாத் நகரத்துப் பெண்ணும் உண்டு. ஐந்து கணவர். சிவப்புக் காலுறை, கேடயம் அளவில் தொப்பி, பல்லிடையில் இடைவெளி. ஜெருசலேமுக்கு மட்டும் மூன்று தரம் போனவள். ஒரு காது கொஞ்சம் கேளாது. அது ஏன் என்பது அவள் கதைக்கு முன்னால் அவளே சொல்லும் நீண்ட பாயிரத்தில் வருகிறது. ஐந்தாவது கணவன் கெட்ட பெண்களைப் பற்றிய கதைகள் அடங்கிய ஒரு புத்தகத்தை ஒவ்வொரு இரவும் அவளுக்கு வாசித்துக் காட்டுவான். ஒருநாள் அவள் அதிலிருந்து மூன்று தாளைக் கிழிக்கிறாள். அவன் காதோடு சேர்த்து அடிக்கிறான். அந்த இடத்தில் அவள் கேட்கும் கேள்வி ஒன்று: சிங்கத்தை யார் வரைந்தது, சொல்லு? மனிதன் சிங்கத்தை வெல்வதுபோல ஒரு படத்தைப் பார்த்து ஒரு சிங்கம் கேட்ட பழைய கேள்வி அது. பெண்கள் கதை எழுதியிருந்தால் முதல் மனிதன் ஆதாமின் வர்க்கம் முழுவதும் சேர்ந்தாலும் ஈடு செய்ய முடியாத அளவுக்கு ஆண்களின் கெடுதியை எழுதியிருப்பார்கள் என்று அவள் தொடர்கிறாள்.

பெண்கள் கல்லூரியில், ஒரு பெண் எங்களுக்கு இதைப் படிப்பித்தார். அந்த அடியை ஆறு பேரையும் தனித்தனியே எழும்பி வாசிக்க வைத்தார். விளக்கம் ஒன்றும் சொல்லவில்லை. மணி அடித்தது, நாங்கள் எழும்பவில்லை.

1987இல் லண்டனுக்கு வந்து மேனர் பார்க்கில் ஒரு அறையில் இருந்தேன். வேலை ஓல்ட்கேற் பக்கம். 25ஆம் இலக்க பஸ் ஸ்ட்ராற்பர்ட் தாண்டி, சாலையின் நடுவில் ஒரு பழைய தேவாலயம் நிற்கும் 'போ' வழியாகப் போகும். வேலையிடத்தில் என் ஆங்கிலம் விளங்கவில்லை என்று ஒருவர் எல்லோர் முன்னிலையிலும் சொன்ன நாள் அது. திரும்பி வரும்போது பஸ் ஜன்னலில் அந்தப் பெயர்ப்பலகை: போ. உடனே ரீச்சரின் குரல் கேட்டது. பாயிரத்தில் வரும் கன்னியர் மடத் தலைவி பிரெஞ்சு பேசுவாள், ஆனால் அது 'ஸ்ட்ராற்பர்ட் அட்டெ போ' பள்ளியின் பிரெஞ்சு, பாரிஸ் பிரெஞ்சு அவளுக்குத் தெரியாது. அந்த இடத்துக்குப் பக்கத்தில் அப்போது ஒரு கன்னியர் மடம் இருந்தது. பெரும்பாலான உரைகாரர்கள் இதை அவளைக் குத்திக் காட்டும் இடமாகத்தான் எடுப்பார்கள். ரீச்சர் அப்படி எடுக்கவில்லை. "அவ தன்ர ஊரில் படிச்சதை வடிவாத்தான் பேசினா எண்டு சோசர் சொல்லுறார்" என்றார். அந்த வரியில் அழகாகவும் சுத்தமாகவும் பேசினாள் என்று உண்மையிலேயே இருக்கிறது. அன்று பஸ்ஸில் அந்த அடியை முணுமுணுத்துக்கொண்டே வீட்டுக்குப் போனேன்.

பஸ்ஸின் மறுமுனையில் நான் வேலை செய்த ஓல்ட்கேற்றும் சோசரின் இடம்தான். 1374 முதல் பன்னிரண்டு வருசம் அந்த நகர வாயிலின் மேல்மாடியில்தான் அவர் குடியிருந்தார். காலையில் துறைமுகத்துக்குப் போய்க் கம்பளி வரிக்கணக்குப் பார்த்துவிட்டு இரவில் புத்தகத்தோடு இருந்தவர். இது எனக்குத் தெரிய வந்தபோது நான் அங்கே நான்கு வருசம் வேலை செய்திருந்தேன்.

சித்திரை மாதத்து மழையைப் பற்றியும் சொல்ல வேண்டும். பாயிரத்தின் முதல் வசனம் 18 அடி நீளம். ஏப்ரலின் இனிய மழை மார்ச்சின் வறட்சியை வேர் வரைக்கும் துளைத்ததும், பூ மலர்ந்து, சின்னப் பறவைகள் கண்ணைத் திறந்தபடியே தூங்கும் காலத்தில், ஆட்களுக்கு யாத்திரை போக ஆசை வருகிறது என்பதுதான் அதன் கருத்து. நமக்கோ சித்திரையில் கிணறு அடிமட்டம், மழை ஐப்பசி கார்த்திகையில். ரீச்சர் எவ்வளவு விளக்கியும் அந்த இடம் எனக்குப் பாடமாகவே இருந்தது. பிறகு நாங்கள் கென்ற் பக்கம் குடிபோனோம். ஒரு ஏப்ரல் காலை, மழை விட்ட கையோடு பின்வளவுக்குப் போனேன். ஒரு மாதமாகக் குளிர்காற்றில் காய்ந்து வெடித்த மண்ணுக்குள் தண்ணீர் இறங்குகிற சத்தம் கேட்டது. அப்பிள் மரத்தின் அடியில் குந்தியிருந்து 18 அடியையும் சொல்லி முடித்தேன்.

தபார்ட் சத்திரத்தையும் போய்ப் பார்த்தேன். அது 1676 தீயில் எரிந்து, திரும்பக் கட்டி, 19ஆம் நூற்றாண்டில் இடித்தாயிற்று. பரோ பெருந்தெருவிலிருந்து பிரியும் ரால்பொற் யார்ட் என்ற முடுக்கில் ஒரு நீலப் பலகை மட்டும் இருக்கிறது. கன்டர்பரியிலும் சமாதி இல்லை, எட்டாம் ஹென்றி 1538இல் இடித்துவிட்டான். அது இருந்த இடத்தில் வெறும் நிலத்தில் ஒரு மெழுகுதிரி எரிகிறது. அங்கே ஏறும் கற்படிகள் நடுவில் குழிந்திருக்கின்றன. நம் கோயில் வாசற்படியில் கால்பட்டுத் தேய்ந்த அதே குழிவு. சப்பாத்தைக் கழற்றத்தான் மனம் சொன்னது.

மற்றக் கொப்பிகளைப் பற்றி நான் கேட்டறிந்தது இவ்வளவு. மூன்றாவது ரொறன்ரோவில் பத்திரமாக இருக்கிறது. ஐந்தாவது இடப்பெயர்வில் போய்விட்டது. ஆறாவது மெல்பேர்னில், அவளுடைய மகள் வைத்திருக்கிறாள். முதலாவதும் இரண்டாவதும் யாரிடம் என்று தெரியவில்லை. எழுதிய இருவரும் எங்கிருந்தாலும் இந்தக் கல்லூரி மலர் உங்கள் கைக்கு வரும் என்று நம்புகிறேன். கண்டால் மலர்க் குழுவுக்கு ஒரு வரி எழுதிப் போடுங்கள். ரொறன்ரோக் கொப்பி மெலிந்த குதிரையில்தான் தொடங்குகிறது. ஒக்ஸ்போர்ட் மாணவரின் முதல் இரண்டு அடிகள் உங்களில் ஒருத்தியிடம் இருக்கின்றன.