கிரேக்க சமயத் தாள்: அடைமொழி இல்லாமல் ஒரு கடவுளையும் எழுதாதீர்கள்

ஓகஸ்ட் பெறுபேறுகள் வந்துவிட்டன. ஏ லெவல் செவ்வியல் நாகரிகத்தில், ஓசிஆர் என்ற பிரித்தானியப் பரீட்சைச் சபையின் பாடத்திட்டத்தின் மூன்று தாள்களுள் கிரேக்க சமயம் என்ற 75 புள்ளித் தாளே என்னைக் கரை சேர்த்தது. அடுத்த ஆண்டு எழுதவிருக்கும் சிலர் கேட்டதால் இதை எழுதுகிறேன். நிம்மதியோடு கொஞ்சம் கசப்பும் இதில் இருக்கும். வார இறுதியில் நான் போன தனியார் வகுப்பில் தந்த குறிப்புகளில் பெரும்பகுதி கதைகளாகவே இருந்தன. சியூஸ் யாரை ஏமாற்றினார், ஹேரா யாரைப் பழிவாங்கினார், பெர்செபொனி ஏன் மாதுளை விதையைத் தின்றாள் என்று பக்கம் பக்கமாக மனனம் செய்யவைத்தார்கள். அந்தக் கதைகளை மட்டும் நம்பிப் போனால் இந்தத் தாளில் அரைவாசிகூட எழுத முடியாது. தெய்வங்களுக்கு எங்கே, யார், எதை, எப்படிச் செய்தார்கள் என்பதையே வினாக்கள் சுற்றிவருகின்றன.

என்னிடம் உள்ள ஆலோசனை உண்மையில் ஒன்றுதான். ஒரு கடவுளின் பெயரைத் தனியாக எழுதாதீர்கள். பெயர், அடைமொழி (பெயரோடு சேர்ந்து, எந்த நிலையில் வழிபடப்படுகிறார் என்று காட்டும் பட்டம்), இடம், செயல் ஆகிய நான்கும் ஒரே வாக்கியத்தில் வரட்டும். 'ஏதென்ஸ் மக்கள் சியூஸை வழிபட்டார்கள்' என்ற வாக்கியத்தில் பரீட்சகர் புள்ளியிட எதுவுமே இல்லை. மாறாக, ஏதென்ஸ் வீட்டு முற்றத்தில் சியூஸ் ஹெர்கையோஸுக்கு, அதாவது முற்றத்தின் சியூஸுக்கு, பலிபீடம் இருந்தது என்றும், ஆர்கன் என்ற உயர் அதிகாரி பதவிக்குத் தெரிவானவரிடம் அந்தப் பீடமும் முன்னோரின் அப்பலோவான அப்பலோ பட்ரோவோஸின் வழிபாடும் எங்கே இருக்கின்றன என்று விசாரித்தார்கள் என்றும் எழுதினால், வீட்டுச் சமயமும் குடியுரிமையும் பிணைந்திருந்ததை அந்த வாக்கியமே காட்டிவிடும். களஞ்சிய அறையைக் காத்த சியூஸ் க்டேசியோஸ் வேறு, டொடோனா என்ற குறித்தலத்தில் குறி சொன்ன சியூஸ் நையோஸ் வேறு.

இது பரீட்சைக்காகச் செய்யும் தந்திரம் அல்ல என்பதற்கு ஏதென்ஸ் எழுத்தாளரும் படைவீரருமான செனபோன் தன்னைப் பற்றி எழுதியிருப்பதே சான்று. படையோடு திரும்பி வரும்போது, கி.மு. 399 இல், லாம்ப்சக்கஸ் நகரில் அவர் கையில் காசில்லை, குதிரையைக்கூட விற்றுவிட்டார். யூக்ளைடிஸ் என்ற குறிகாரர் பலியைப் பார்த்துவிட்டு, சியூஸ் மெய்லிக்கியோஸ் தடையாக நிற்கிறார், வீட்டில் செய்ததுபோல அவருக்குப் பலி கொடுத்தீரா என்று கேட்கிறார். ஊரை விட்டுப் புறப்பட்டதிலிருந்து கொடுக்கவில்லை என்கிறார் செனபோன். அந்தப் பயணத்திலேயே சியூஸ் பசிலியஸுக்கு, அதாவது அரசனாகிய சியூஸுக்கு, அவர் பலி கொடுத்தவர்; அது கணக்கில் வரவில்லை. மறுநாள் தம் முன்னோர் வழக்கப்படி பன்றிகளை முழுமையாக எரித்துப் பலி கொடுக்கிறார். அன்றே பணம் வந்து சேர்கிறது, குதிரையும் திரும்பக் கிடைக்கிறது. இந்த ஒரு நிகழ்ச்சியை வைத்தே அடைமொழி, வீட்டு வழிபாடு, குறிகாரர், முழு எரிபலி, கொடுத்துப் பெறும் உறவு என ஐந்து தலைப்புகளுக்குப் பதில் எழுதலாம். நான் அப்படித்தான் எழுதினேன்.

கோயில்களில் நம்மவர்கள் தடுமாறும் இடம் ஒன்று உண்டு. கோயில் என்றால் உள்ளே போய்க் கும்பிடும் இடம் என்று பழகியிருக்கிறோம். கிரேக்க வழிபாட்டின் மையம் வெளியே, திறந்த வெளியில் இருந்த பலிபீடம். கட்டடம் சிலைக்கும் காணிக்கைகளுக்கும் உரியது. ஏதென்ஸில் அதீனாவுக்கு எடுத்த பனதெனையா விழாவை எழுதும்போது இன்னொரு விடயத்தையும் கவனியுங்கள். நெய்த ஆடையான பெப்லோஸ் பார்த்தினன் கோயிலில் இருந்த, சிற்பி பிடியாஸ் செய்த பொன்னும் தந்தமுமான சிலைக்குப் போகவில்லை. நகரைக் காக்கும் அதீனாவான அதீனா பொலியாஸின் பழைய ஒலிவ் மரச் சிலைக்கே போனது. பிடியாஸின் சிலை நிறுவப்பட்டது கி.மு. 438 இல். மரச் சிலை அதைவிட எவ்வளவோ பழையது. கலையழகு குறைந்த அந்தச் சிலைக்கே வழிபாட்டில் முதலிடம் இருந்தது என்பது 20 புள்ளிக் கட்டுரையின் மையமாகவே நிற்கக்கூடிய கருத்து.

பலி என்று வரும்போது பொதுவாக எழுதாமல் ஒரு பலியை முழுதாகத் தெரிந்துகொள்ளுங்கள். ஹோமரின் ஒடிசியின் மூன்றாம் காண்டத்தில் பைலோஸ் அரசர் நெஸ்டர் அதீனாவுக்குக் கொடுக்கும் பலி போதும். பொற்கொல்லன் பசுங்கன்றின் கொம்புகளுக்குப் பொன் தகடு பூசுகிறான். நெஸ்டர் கை கழுவி, பார்லி தூவி, கன்றின் தலைமயிரை அறுத்து நெருப்பில் இடுகிறார். மகன் திரசிமீடிஸ் கோடரியால் கழுத்து நரம்பை வெட்ட, பெண்கள் குரலெழுப்புகிறார்கள். இன்னொரு மகன் தொண்டையை அறுக்கிறான். தொடை எலும்புகளைக் கொழுப்பில் சுற்றி எரித்து, மேலே மதுவை ஊற்றி, உள்ளுறுப்புகளைச் சுவைத்த பிறகே மற்ற இறைச்சியைக் கம்பிகளில் கோத்துச் சுடுகிறார்கள். தெய்வத்துக்கு ஏன் எலும்பும் கொழுப்பும், மனிதருக்கு ஏன் இறைச்சி என்று கேட்டால், மெக்கோனியில் புரொமீத்தியஸ் நல்ல இறைச்சியை மறைத்து, கொழுப்பு மூடிய எலும்புகளைச் சியூஸ் தெரிவுசெய்ய வைத்த சூழ்ச்சியைக் கவிஞர் ஹெசியட் சொல்வதை ஒரு வரியில் இணையுங்கள். கதை பயன்படும் இடம் இது. ஒரு வரிக்கு மேல் போக வேண்டாம்.

வீரர் வழிபாட்டில், அதாவது இறந்தபின் ஆற்றல் உள்ளவராகக் கருதப்பட்ட மனிதருக்குச் செய்த வழிபாட்டில், எனக்குத் தனி விருப்பம் உண்டு, ஆகவே இங்கே கொஞ்சம் நிற்கிறேன். வீரன் என்றால் நல்லவன் என்ற எண்ணத்தை முதலில் விட்டுவிட வேண்டும். அஸ்டிபாலையா தீவின் குத்துச்சண்டை வீரன் கிளியோமீடிஸ் ஒலிம்பியாவில் எதிராளியைக் கொன்றதால் வெற்றியை இழந்து, சித்தம் கலங்கி, ஊர்ப் பள்ளியின் தூணைச் சாய்த்தான் என்று பயண எழுத்தாளர் பவுசானியஸ் சொல்கிறார். கூரை விழுந்து சுமார் 60 பிள்ளைகள் இறந்தார்கள். ஊரார் துரத்தியபோது அதீனா கோயிலில் இருந்த பெட்டிக்குள் ஒளிந்தவன், பெட்டியை உடைத்துப் பார்த்தபோது உள்ளே இல்லை. அப்பலோவின் குறித்தலமான டெல்பி அவனுக்குப் பலி கொடுக்கச் சொன்னது. அவனிடம் இருந்தது அச்சமூட்டும் ஆற்றல், அதனால்தான் வழிபாடு. அரசியல் பக்கத்துக்கு, ஏதென்ஸ் தளபதி சைமன் ஸ்கைரோஸ் தீவிலிருந்து, ஏதென்ஸின் புராண அரசன் தீசியஸின் எலும்புகளை ஏதென்ஸுக்குக் கொண்டுவந்ததை எழுதுங்கள். ஹெராக்ளிஸ் தெய்வம், வீரர் என்ற இரண்டு பக்கமும் நிற்பவர். அவருக்கு இரண்டு வழிபாட்டிடங்கள் அமைத்து, ஒன்றில் அழிவற்றவராகவும் மற்றதில் வீரராகவும் பலி கொடுப்பவர்களே சரியாகச் செய்கிறார்கள் என்பது வரலாற்றாசிரியர் ஹெரோடோட்டஸின் கருத்து.

மற்றவற்றை விரைவாகச் சொல்கிறேன்:

- எலூசிஸ் (டெமீட்டர், பெர்செபொனி ஆகியோரின் இரகசியச் சடங்கு நடந்த இடம்): பெண்களும் அடிமைகளும் தீட்சை பெறலாம், கொலைப்பழி உள்ளவர் பெற முடியாது, இரகசியத்தைக் கேலி செய்ததாக கி.மு. 415 இல் ஏதென்ஸ் அரசியல்வாதி அல்கிபியடிஸ் மீது வந்த குற்றச்சாட்டை மறவாதீர்கள்.
- எபிடோரஸ் (குணமாக்கும் தெய்வம் அஸ்கிலீப்பியஸின் தலம்): நோய் தீர்ந்த கதைகளைக் கேட்டுச் சிரித்த, ஒரு கண் தெரியாத ஏதென்ஸ் பெண் அம்ப்ரோசியாவின் கல்வெட்டு. அஸ்கிலீப்பியஸ் கனவில் கேட்டது வெள்ளிப் பன்றி, அவளுடைய அறியாமையின் நினைவாக.
- டெல்பி: கியோஸ் தீவார் கட்டிய பலிபீடமும் குறி கேட்க அவர்களுக்குக் கிடைத்த முன்னுரிமையும்.
- செனோபனிஸ் (தெய்வங்களைப் பற்றிய வழக்கமான எண்ணத்தை விமர்சித்த மெய்யியலாளர்): மாடுகளுக்கும் குதிரைகளுக்கும் கையிருந்தால் தங்களைப் போலவே தெய்வங்களை வரைந்திருக்கும். எல்லோரும் எழுதுவார்கள், நீங்களும் சுருக்கமாக எழுதுங்கள்.

30 புள்ளிக் கட்டுரைக்கு அறிஞர் கருத்து வேண்டும். பெயர்களின் பட்டியலைச் சுமக்க என்னால் முடியாது. இரண்டு பேரை மட்டும் ஆழமாக வைத்துக்கொண்டேன். சமய வாழ்வு முழுவதற்கும் நகர அரசே சட்டகம் என்ற சூர்வினூ-இன்வுட்டின் வாதம் ஒரு பக்கம், அந்தச் சட்டகத்துக்கு வெளியே நிற்பவற்றைக் காட்டும் ஜூலியா கிண்டின் மறுப்பு மறுபக்கம். இருவருக்கும் நடுவில் டொடோனாவில் குறி கேட்பவரின் கேள்வி எழுதிய ஈயத் தகடு ஒன்றை வைத்தேன். அன்னிலாவின் வயிற்றில் இருக்கும் பிள்ளை தன்னுடையதுதானா என்று லைசானியஸ் என்பவர் சியூஸ் நையோஸையும் அங்கே அவருடைய துணைவியான டியோனியையும் கேட்கிறார். எந்த நகர அரசும் கேட்கச் சொன்ன கேள்வி அல்ல இது. ஆனாலும் தெய்வத்தை அழைத்தது அந்த இடத்துக்குரிய அடைமொழியோடுதான்.

நேரத்தைப் பற்றி: நான் மெதுவாக எழுதுபவன், ஆகவே பி பகுதியின் 30 புள்ளிக் கட்டுரையை முதலில் 45 நிமிடத்தில் முடித்துவிட்டு, எஞ்சிய ஒரு மணி நேரத்தை ஏ பகுதிக்கு வைத்தேன். படம் தந்து கேட்கும் குறுவினாக்களுக்கு முழு வாக்கியம் தேவையில்லை. வேகமாக எழுதுபவர்கள் வினாத்தாளின் வரிசைப்படியே போகலாம். 10 புள்ளி வினாக்களில் மட்டும் படத்தில் உள்ள ஒரு பொருளையாவது, பீடத்தையோ கூடையையோ கையிலுள்ள கிண்ணத்தையோ, பெயர் சொல்லிக் குறிப்பிடுங்கள்.