மாக்கல்லில் ஒரு சிந்து முத்திரை: நான்கு மாத வேலைக் குறிப்பு

சிந்துவெளி முத்திரை என்றதும் நம் எல்லோருக்கும் நினைவுக்கு வருவது அதன் முகம்தான். ஒற்றைக் கொம்பு விலங்கு, அதன் முன்னால் விளக்குத்தண்டு போல ஒரு பொருள், மேலே ஐந்தாறு எழுத்துகள். பள்ளிப் பாடநூலில் தொடங்கி இருபத்தைந்து ஆண்டுகளாக அந்தப் படத்தைப் பார்த்துவருகிறேன். சென்ற ஆண்டு இறுதியில் ஓர் அகழாய்வு அறிக்கையைப் புரட்டியபோது ஒரு முத்திரையின் பக்கவாட்டுக் கோட்டோவியம் கண்ணில் பட்டது. பின்பக்கத்தில், பாதியாக நறுக்கிய நெல்லிக்காயைக் கவிழ்த்து வைத்தது போல் ஒரு குமிழ். குமிழின் நடுவே ஒரு காடி (நீளப் பள்ளம்), கயிறு கோக்க ஒரு துளை. முகமும் குமிழும் ஒரே கல்லில் செதுக்கியவை, ஒட்டு கிடையாது. இவ்வளவு சிறிய பொருளில் இதை எப்படிச் செய்தார்கள் என்ற கேள்வி அன்றிரவு என்னைத் தூங்கவிடவில்லை. அடுத்த ஞாயிற்றுக்கிழமை கல் தேடிக் கிளம்பினேன்.

முதல் மாதம்: கல்லும் குமிழும்

கல்லுக்காக வெகுதூரம் அலைய வேண்டியிருக்கவில்லை. சிந்துவெளி மக்கள் முத்திரைக்கு எடுத்த கல்லும், நம் வீடுகளில் வத்தக்குழம்பு வைக்கும் கல்சட்டியின் மாக்கல்லும் ஒரே குடும்பத்தைச் சேர்ந்தவை. நகத்தால் கீறினாலே கோடு விழும் அளவுக்கு மென்மையானவை. தொட்டால் சோப்பு போல வழுவழுக்கும். கல்சட்டி கடையும் பட்டறை ஒன்றில் பெரியவர் ஒருவர், உடைந்து ஒதுக்கிய துண்டுகளை ஒரு பை நிறைய அள்ளிக் கொடுத்தார். "என்ன செய்யப் போகிறீர்கள் தம்பி?" என்று கேட்டார். நாலாயிரம் ஆண்டுகளுக்கு முந்தைய முத்திரை ஒன்றைச் செய்து பார்க்கப் போகிறேன் என்றேன். காசு வாங்க மறுத்துவிட்டார். "செய்ததும் கொண்டுவந்து காட்டுங்கள், அது போதும்" என்றார்.

முத்திரைகளில் பெரும்பாலானவை 2 முதல் 4 சென்டிமீட்டர் வரையிலான சதுரங்கள். நான் 3 சென்டிமீட்டர் என்று வைத்துக்கொண்டேன். இரும்பு அறுக்கும் ரம்பத்தின் பிளேடால் 18 மில்லிமீட்டர் தடிமனுள்ள கட்டி ஒன்றை அறுத்தேன். முகத்துக்கு 8 மில்லிமீட்டர், குமிழுக்கு 10. செய்து பார்க்க நினைப்பவர்களுக்கு ஒன்று சொல்லிவிடுகிறேன்: கல்லை நனைத்து நனைத்தே அறுங்கள், முகக்கவசம் இல்லாமல் உட்காராதீர்கள். இந்தத் தூள் மாவை விட மெல்லியது, நுரையீரலுக்கு ஆகாது.

முதல் குமிழ் அழகாக வந்தது. நான்கு மூலைகளையும் அரத்தால் இறக்கி, நடுவில் உருண்டையை விட்டு, காடி கீறி, பிறகு கைத்துரப்பணத்தால் துளையிடத் தொடங்கினேன். துளை பாதி தூரம் போனதும் குமிழ் இரண்டாகப் பிளந்து கையோடு வந்துவிட்டது. இரண்டாவது கல்லில் இன்னும் மெதுவாகத் துளைத்தேன். அதுவும் உடைந்தது. மூன்று வார வேலை இப்படிப் போனது.

தப்பு வரிசையில் இருந்தது என்பது மூன்றாவது கல்லை எடுத்தபோதுதான் புரிந்தது. குமிழைச் செதுக்கிய பிறகு துளையிட்டால், துரப்பணத்தின் அழுத்தத்தைத் தாங்கச் சுற்றிலும் கல் இருக்காது. எனவே கட்டி முழுக்கட்டியாக இருக்கும்போதே பக்கவாட்டில் துளைத்தேன். அதையும் ஒரே மூச்சில் துளைக்கவில்லை. ஒரு பக்கத்திலிருந்து பாதி, எதிர்ப்பக்கத்திலிருந்து பாதி. நடுவில் இரண்டும் சந்தித்தன. துளை நிலையாக அமைந்த பிறகு அதைச் சுற்றி உருண்டையை இறக்கினேன். உடையவில்லை. அரப்பா மக்கள் மணிகளைக் கோக்கத் துளையிட்டபோதும் இப்படி இரு பக்கமிருந்தே வந்தார்கள். பழைய மணிகளின் துளைக்குள் இரண்டு பாதைகளும் சந்தித்த இடத்தில் சிறு படி தெரிவதுண்டு. என் துளைக்குள்ளும் அந்தப் படி இருக்கிறது. டார்ச் வெளிச்சத்தில் அதைப் பார்த்தபோது எனக்கு ஏற்பட்ட மகிழ்ச்சியை எழுத்தில் கொண்டுவர முடியவில்லை.

இரண்டாம் மாதம்: முகம்

எந்த எழுத்துகளைப் பொறிப்பது என்பதில் எனக்கு ஒரு தீர்மானம் இருந்தது. இன்றுவரை எல்லோரும் ஏற்கும்படி படிக்கப்படாத எழுத்து இது. எனக்குப் பிடித்த குறிகளைப் பொறுக்கி வரிசையாக அடுக்கினால் அது இல்லாத ஒரு வாசகத்தை உண்டாக்குவதாகிவிடும். அதனால் அச்சில் வெளிவந்த உண்மையான முத்திரை ஒன்றின் வரிசையை மாற்றமில்லாமல் எடுத்துக்கொண்டேன். சிந்து எழுத்து ஆய்வாளர் ஐராவதம் மகாதேவன் 1977இல் வெளியிட்ட தொகுப்பு 417 குறிகளை வகைப்படுத்துகிறது. நான் எடுத்த வரிசையில் ஐந்து குறிகள். பெரும்பாலான வாசகங்களும் ஏறக்குறைய இந்த நீளம்தான். அதில் ஒன்று மீன். இன்னொன்று இரு பக்கமும் காது வைத்த குடம் போன்றது. சிந்து வாசகங்களில் மிக அதிகமாக வரும் குறி அது, பெரும்பாலும் கடைசியில் வந்து நிற்கும்.

மீனைப் பற்றி ஒரு வார்த்தை. மீன் என்ற சொல் நீரில் நீந்துவதையும் வானில் மின்னுவதையும் குறிக்கும் மொழி நம்முடையது. அதனால் முத்திரையில் உள்ள மீன் விண்மீனைக் குறிக்கலாம் என்று ஹென்றி ஹீராஸ் பாதிரியார் சொன்னார். பின்னர் ஃபின்லாந்து ஆய்வாளர் அஸ்கோ பர்போலா அதை விரிவாக எடுத்துச் சென்றார். ஆறு கோடுகளும் மீனும் சேர்ந்து வரும் இடங்களை, கார்த்திகையைக் குறிக்கும் 'அறுமீன்' என்ற பழந்தமிழ்ச் சொல்லோடு பொருத்திப் பார்த்தார்கள். இது நிறுவப்பட்ட முடிவு அல்ல, ஒரு கருதுகோள். ஆனால் மீனின் இரண்டு வளைவுகளை உளியால் இழுத்தபோது, அந்தச் சொல் வாயில் வராமல் இருக்கவில்லை.

கருவிக்கு முதலில் தட்டார் வேலைக்கான சிறிய எஃகு உளியை வைத்திருந்தேன். பிறகு மனம் ஒப்பவில்லை. அவர்களிடம் எஃகு இல்லையே. தடித்த செம்புக் கம்பி ஒன்றை எடுத்துப் பட்டறைக்கல்லில் வைத்துச் சுத்தியால் தட்டித் தட்டி முனையை இறுக்கினேன். சூடாக்காமல் தட்டினால் செம்பு கெட்டிப்படும். அந்த முனை மாக்கல்லை வெண்ணெய் போலச் சீவியது. கால் மணி நேரத்துக்கு ஒருமுறை தீட்ட வேண்டியிருந்தது, அவ்வளவுதான். எஃகு உளி ஆழமாகப் பாய்ந்து கையை மீறிப் போகும். செம்பு கை சொன்ன இடத்தில் நின்றது. அன்றிலிருந்து எஃகைத் தொடவில்லை.

முத்திரையில் எல்லாமே தலைகீழ். கல்லில் பள்ளமாக இருப்பது களிமண்ணில் மேடாகும், இடம் வலமாகும். சிந்து எழுத்து வலமிருந்து இடமாக ஓடுகிறது என்பதால், கல்லில் அதை இடமிருந்து வலமாகச் செதுக்க வேண்டும். நம் கைக்குப் பழக்கமான திசை. அந்தத் தைரியத்தில் அளவு குறிக்காமலே தொடங்கினேன். முதல் மூன்று குறிகளும் தாராளமாக விழுந்தன. நான்காவது வந்தபோது இடம் சுருங்கிவிட்டது. கடைசிக் குடத்தை ஓரத்தில் நெருக்கிப் பிடித்துத் திணித்தேன்.

உளியைக் கீழே வைத்துவிட்டு வெகுநேரம் அப்படியே உட்கார்ந்திருந்தேன். காரணம் வருத்தமில்லை. சிந்து எழுத்தின் திசையைக் கண்டுபிடித்த வழிகளில் இதுவும் ஒன்று! முத்திரைப் பதிவுகள் சிலவற்றில், இடது ஓரத்தில் கடைசிக் குறிகள் நெருக்கியடித்து நிற்கின்றன. இடம் போதாமல் அப்படி நெருக்கினால், எழுத்து வலப்புறம் தொடங்கி இடப்புறம் முடிந்திருக்க வேண்டும். ராஜஸ்தானின் காலிபங்கனில் கிடைத்த ஒரு பானை ஓட்டிலும், ஒரு குறியின் கோட்டின் மீது அடுத்த குறியின் கோடு ஏறியிருப்பதைக் காட்டி தொல்லியலாளர் பி. பி. லால் இதே திசையை உறுதிப்படுத்தினார். புத்தகத்தில் இதைப் பலமுறை படித்திருக்கிறேன். அந்த நெருக்கடி என் கையிலேயே நேர்ந்தபோதுதான், பெயர் தெரியாத ஒரு செதுக்குக்காரர் மொகஞ்சதாரோவில் எங்கோ உட்கார்ந்து பெருமூச்சு விட்டதை உணர்ந்தேன்.

விலங்கு எழுத்தை விடக் கடினம். கழுத்தும் தோளும் நன்றாகப் பள்ளமாக வேண்டும். கால்கள் மேலோட்டமாக இருந்தால் போதும். கண்ணால் பார்த்து ஆழத்தை மதிப்பிட முடியாது. சப்பாத்தி மாவைக் கெட்டியாகப் பிசைந்து பக்கத்தில் வைத்துக்கொண்டு, பத்துச் சீவலுக்கு ஒருமுறை அழுத்திப் பார்த்தேன். மாவில் விலங்கு வலப்புறம் பார்த்து நிற்கிறதா என்றும் அப்போதே சரிபார்த்துக்கொள்ளலாம். பழைய முத்திரைப் பதிவுகளில் அது பெரும்பாலும் அப்படித்தான் நிற்கும். அதன் முன்னால் உள்ள தண்டு என்ன பொருள் என்பதில் ஆய்வாளர்கள் ஒத்துப்போகவில்லை. சோமச் சாறு வடிகட்டும் கருவி என்பது மகாதேவனின் கருத்து. நான் வளைகோடுகளை எண்ணி அப்படியே நகலெடுத்தேன். முகத்துக்கு மட்டும் 31 மணி நேரம் பிடித்தது.

மூன்றாம் மாதம்: சூடு

செதுக்கி முடித்த கல் நகத்தால் கீறக்கூடிய கல்தான். அதைத் தினமும் பயன்படுத்தும் முத்திரையாக்குவது நெருப்பு. சுமார் 900 டிகிரிக்கு மேல் சுட்டால் கல்லுக்குள் இருக்கும் நீர்க்கூறு வெளியேறி, அதன் கனிமமே மாறிவிடுகிறது. கல் பல மடங்கு கெட்டிப்படுகிறது. சுடும் முன் காரப் (ஆல்கலி) பூச்சு ஒன்றைத் தடவினார்கள். அதுதான் முத்திரைகளுக்கு அந்தப் பளபளப்பான வெண்மையைத் தந்தது. முத்திரைகளுக்கு வெகுகாலம் முன்பே இந்த அறிவு இருந்தது. பலுசிஸ்தானத்தின் மெஹர்கரில் கி.மு. 4ஆம் ஆயிரமாண்டிலேயே இந்தக் கல்லின் மணிகளைச் சுட்டிருக்கிறார்கள்.

அகல்விளக்கு சுடும் வேளார் ஒருவரின் சூளையில் முதலில் வைத்தேன். மறுநாள் எடுத்தபோது கல் முழுசாக இருந்தது, ஆனால் கத்தி முனை இன்னும் இறங்கியது. அந்தச் சூடு போதவில்லை. அடுத்து, மட்பாண்டக் கலை கற்பிக்கும் ஓர் இடத்தின் மின்சூளையில் வாடகைக்கு இடம் பிடித்து, சலவைச் சோடாவைக் குழைத்துப் பூசி, 1000 டிகிரிக்கு ஏற்றினோம். சூட்டை வேகமாக ஏற்றியது என் அவசரம். கல் மூலையிலிருந்து மூலைக்கு விரிசல் விட்டது. பூச்சு தடிமனாக இருந்ததால் மீன் குறியின் கோடுகள் கண்ணாடி போல உருகி மூடிக்கொண்டன. நிறமோ, வெள்ளைக்குப் பதில் செங்கல் பழுப்பு.

அந்தப் பழுப்பு என்னை ஒரு வாரம் படிக்க வைத்தது. இந்தக் கல் எல்லா இடத்திலும் ஒன்றல்ல. இரும்பு கலந்த பாறையிலிருந்து வந்தது சுட்டால் பழுப்பாகவோ கருத்தோ போகும். டோலமைட் என்ற சுண்ணாம்பு வகைப் பாறையோடு சேர்ந்து விளைந்ததில் இரும்பு குறைவு. அதுதான் வெள்ளையாகச் சுடும். அரப்பாவில் கிடைத்த கல் துண்டுகளைப் பகுப்பாய்வு செய்த தொல்லியலாளர் ராண்டல் லா, அவற்றில் பெரும்பகுதி இன்றைய வட பாகிஸ்தானின் ஹசாரா பகுதியிலிருந்து வந்தது என்று காட்டினார். அரப்பாவிலிருந்து அது பல நூறு கிலோமீட்டர். சூளையில் எது வெளுக்கும் என்பதை அனுபவத்தில் தெரிந்துவைத்துக்கொண்டு, அந்தக் கல்லையே அவ்வளவு தூரத்திலிருந்து வரவழைத்தார்கள். ஒரு நகரம் என்பது சுவரும் சாக்கடையும் மட்டுமாக எனக்கு இத்தனை நாள் தெரிந்திருந்தது. மலையில் கல் வெட்டுபவர், சுமந்து வருபவர், செதுக்குபவர், சுடுபவர் என்று நீளும் இந்தச் சங்கிலி, விரிசல் விட்ட என் பழுப்புக் கல்லைப் பார்த்த பிறகே தெரிந்தது.

சிற்ப வேலைக்கு விற்கும் ராஜஸ்தான் வெள்ளை மாக்கல்லை வாங்கினேன். மறுபடி அறுத்து, துளைத்து, செதுக்கினேன். கை பழகியிருந்ததால் மூன்று வாரத்தில் முடிந்தது. இம்முறை அளவு குறித்துக்கொண்டதால் குடத்துக்கு இடம் இருந்தது. பூச்சை நீர்க்கத் தடவி, எட்டு மணி நேரம் மெதுவாகச் சூடேற்றி, சூளை தானாக ஆறும்வரை கதவைத் திறக்காமல் காத்திருந்தோம். வெள்ளையாக வெளியே வந்தது. கத்தி முனையால் ஓரத்தில் அழுத்தி இழுத்துப் பார்த்தேன். கோடு விழவில்லை.

நான்காம் மாதம்: பயன்படுத்திப் பார்த்தது

குஜராத்தின் லோத்தலில், கிடங்கு என்று கருதப்படும் கட்டடம் ஒன்று தீப்பற்றி எரிந்தது. அந்தத் தீயில் சுட்டுப்போனதால் அறுபதுக்கும் மேற்பட்ட களிமண் முத்திரைப் பதிவுகள் நமக்குக் கிடைத்திருக்கின்றன. அவற்றின் முன்பக்கம் முத்திரை. பின்பக்கம் துணி, பாய், கயிறு ஆகியவற்றின் தடம். சரக்கு மூட்டையின் கட்டின் மீது களிமண்ணை அப்பி முத்திரையிட்டிருக்கிறார்கள்.

பழைய வேட்டியில் அரிசியை மூட்டையாகக் கட்டி, சணல் கயிற்றால் இறுக்கி முடிச்சிட்டேன். முடிச்சின் மேல் குயவர் களிமண் உருண்டையை அப்பி அழுத்தினேன். முதல் முறை மண் ஈரமாக இருந்ததால் முத்திரையோடு ஒட்டிக்கொண்டு வந்தது. அரை மணி நேரம் காயவிட்டு, முகத்தில் சாம்பல் தூவி அழுத்தியபோது விலங்கின் கழுத்துச் சுருக்கங்கள் வரை பதிந்தன. அந்த நொடியில்தான் குமிழின் வேலை விரலுக்கு விளங்கியது. கட்டைவிரலும் ஆள்காட்டி விரலும் அதைப் பிடித்து நேராக அழுத்தி நேராகத் தூக்குகின்றன. குமிழ் இல்லாத தட்டையான கல்லால் செய்து பார்த்தேன், எடுக்கும்போது கல் சரிந்து எழுத்து கலைந்தது.

மண் காய்ந்ததும் கயிற்றை அறுக்காமல் மூட்டையைத் திறக்க என் அக்கா மகளை முயலச் சொன்னேன். கால் மணி நேரம் போராடிவிட்டு, "மாமா, மண்ணை உடைக்காமல் முடியவே முடியாது" என்றாள். உடைத்த துண்டுகளைத் திருப்பிப் பார்த்தோம். சணலின் முறுக்கும் வேட்டியின் இழையும் அச்சாகப் பதிந்திருந்தன.

பட்டறைப் பெரியவரிடம் கொண்டுபோய்க் காட்டினேன். முகத்தை அவர் அதிகம் பார்க்கவில்லை. திருப்பி, குமிழைத் தடவி, துளையை வெளிச்சத்துக்குக் காட்டிப் பார்த்தார். "இந்த இடம் என்றைக்காவது உடையும்" என்றார். அவர் சொன்னது சரி. அகழாய்வில் கிடைத்தவற்றிலும் குமிழ் உடைந்தவை பல. நாகரிகத்தின் பிற்பகுதியில் நீள்சதுர முத்திரைகள் வருகின்றன. விலங்கு கிடையாது, எழுத்து மட்டும். பின்பக்கத்தில் குமிழும் இல்லை. முதுகு மெல்லப் புடைத்திருக்கும், துளை அந்த உடம்பின் ஊடாகவே போகும். உடையும் இடத்தையே அவர்கள் எடுத்துவிட்டார்கள் என்று எனக்குத் தோன்றுகிறது.

வெள்ளைக் கல்லில் மீதமிருந்த துண்டை நேற்று 38க்கு 14 மில்லிமீட்டராக அறுத்துவிட்டேன். துளை இரு பக்கமிருந்தும் போட்டாகிவிட்டது.